துரை எழுதிவிட்டுப் போன சொல்

ராயபுரம்
11 பிப்ரவரி 1951

அலி அக்பருக்கு, உன் அக்கா ஜெரினா எழுதுவது.

சலாம். உனக்குக் கடிதம் எழுதி இரண்டு வருஷத்துக்கு மேல் ஆகிறது. எங்களுக்கு ஒரு வார்த்தை சொல்லாமல் சீமையிலேயே ஒரு வெள்ளைக்காரப் பெண்ணைக் கட்டிக்கொண்டாய் என்று தெரிந்த அன்றைக்கு நிறுத்தினேன். அதைப் பற்றிப் பேச இப்போது வரவில்லை. எனக்கு ஒரு இங்கிலீஷ் வார்த்தைக்கு அர்த்தம் வேண்டும். இங்கே கேட்க வேண்டியவர்களையெல்லாம் கேட்டாகிவிட்டது. அதனால் உன்னிடம் வருகிறேன்.

உன் மச்சானுக்கு வேலை போய்விட்டது. ஹார்பரில் கப்பலிலிருந்து இறங்குகிற மூட்டைகளை எண்ணிக் குறிக்கிற வேலைதானே அவருக்கு. ஐப்பசியில் ஒரு கப்பலில் சர்க்கரை வந்தது. கப்பல்காரன் காகிதத்தில் இருந்ததைவிட இவர் எண்ணியது குறைவாக இருந்தது. கிடங்கிலும் அவ்வளவுதான் இருந்தது. இவரும் கிடங்கு ஆட்களும் சேர்ந்து மீதியைக் கடத்திவிட்டு, கணக்கையும் குறைத்து எழுதிவிட்டார்கள் என்று எவனோ கம்பெனிக்குப் புகார் கொடுத்துவிட்டான். ரேஷன் காலத்தில் சர்க்கரை என்றால் கேட்கவா வேண்டும். ஊர் முழுக்க நம்பியது.

விசாரித்தவர் பழைய மேனேஜர் ஹெட்லி துரை. முடிவு சொல்ல வேண்டிய நாளும் அவர் நிரந்தரமாக ஊருக்குக் கப்பலேறுகிற நாளும் ஒன்றாக வந்து சேர்ந்தன. கிளம்புகிற அவசரத்தில் உன் மச்சானின் ஃபைலில் ஒரே ஒரு வரி எழுதிவிட்டுப் போய்விட்டார். ‘என் பார்வையில் ரஹீம் சாக்லெஸ்.’ அவ்வளவுதான். அதை இங்கிலீஷ் எழுத்தில் மச்சானே கடிதத்தின் அடியில் எழுதியிருக்கிறார், பார்.

அடுத்து வந்த மேனேஜர் நம் நாட்டுக்காரர், படித்தவர்தான். அவருக்கும் அந்த வார்த்தை தெரியவில்லை. ‘சாக்’ என்றால் வேலையிலிருந்து நீக்குவது, துரை அதைத்தான் அவசரத்தில் கோணலாக எழுதிவிட்டார் என்று தலைமைக் குமாஸ்தா சொன்னார். அதையே முடிவாக வைத்துக் கிடங்கு வாசலில் எல்லார் எதிரிலும் நீக்கல் உத்தரவைப் படித்துவிட்டார்கள். மூட்டை தூக்குகிறவர்களோ, சாக்கு சொல்ல வழியில்லாதவன் என்று அர்த்தம் பண்ணிக்கொண்டார்கள். பள்ளிக்கூடத்து வாத்தியாரிடம் இருக்கிற அகராதியில் அந்த வார்த்தையே இல்லை.

மச்சான் ஒன்றையே திரும்பத் திரும்பச் சொல்கிறார்: “தொரை என்னெ கெட்டதா எழுத மாட்டாரு ஜெரினா. மூட்டை எறங்குறப்போ என் பக்கத்துலயே நின்னுகினு இருந்தாரு. அந்த வார்த்தைக்கு அர்த்தம் மட்டும் தெரிஞ்சா போதும்.”

தெரிந்தால் எழுது.

ஜெரினா

•

சவுத் ஷீல்ட்ஸ்
2 மார்ச் 1951

என் அக்காவுக்கு,

உறையின் மேல் உன் கையெழுத்தைப் பார்த்ததும் அதைச் சட்டைக்குள் வைத்துக்கொண்டு கப்பல் பட்டறை வரைக்கும் நடந்தேன். யாருக்காவது மோசம் என்றிருக்குமோ என்று பிரிக்கப் பயம். மத்தியானம் கொதிகலன் ஓரமாக உட்கார்ந்துதான் படித்தேன். மச்சானுக்கு வந்தது கெட்ட செய்திதான். ஆனால் நீ என் பெயரை எழுதியிருக்கிறாய். ‘உன் அக்கா’ என்று எழுதியிருக்கிறாய். அதற்கு அல்லாஹ்வுக்கு நன்றி சொன்னேன். உனக்கும் சொல்கிறேன்.

வார்த்தைக்கு வருகிறேன். அக்கா, அது எனக்குத் தெரிந்த வார்த்தைதான். இந்த ஊரில் அடிக்கடி காதில் விழும். போன வாரம் கரிக்கூடையை அடுப்பங்கரையில் கவிழ்த்துவிட்டேன். என் மாமியார் இடுப்பில் கை வைத்துக்கொண்டு என்னைப் பார்த்துச் சொன்னது அதைத்தான். பட்டறையில் சுத்தியலைத் தண்ணீரில் போட்டவனைப் பார்த்து மேஸ்திரி சொல்வதும் அதைத்தான். மந்தம், சோம்பேறி, கையாலாகாதவன். இங்கே அதற்கு அர்த்தம் அதுதான். லண்டன் பக்கத்து ஆட்களுக்கு இது தெரியாது. இந்த வடக்குச் சீமை ஜனங்கள்தான் பேசுகிறார்கள்.

இதை எழுதாமல், தெரியவில்லை என்று சொல்லிவிடலாமா என்று மூன்று காகிதம் கிழித்தேன். எலன்தான் தடுத்தாள். எலன் என்பது அவள் பெயர். உனக்கு அவளைப் பற்றிப் பேச்செடுத்தால் பிடிக்காது என்று தெரியும். ஆனாலும் அவள் சொன்னதை எழுதாமல் இருக்க முடியவில்லை. “உண்மையை எழுது. ஆனால் இது முழு உண்மையாக இருக்காது என்றும் எழுது” என்றாள்.

காரணம் கேட்டேன். அவளுடைய தம்பி ஒருவன் தொட்டிலிலேயே இறந்துபோனானாம். அவனை அடக்கம் பண்ணின அன்று அவளுடைய அப்பா அந்த வார்த்தையைச் சொல்லி அழுதாராம். அவர் மலைப்பக்கத்துக்காரர், இப்போது உயிரோடு இல்லை. “செத்துப்போன கைக்குழந்தையை யாராவது சோம்பேறி என்பார்களா?” என்று என்னைக் கேட்கிறாள்.

ஹெட்லி துரை எந்த ஊர்க்காரர் என்று மச்சானுக்குத் தெரியுமா?

உன் தம்பி
அலி அக்பர்

•

ராயபுரம்
5 ஏப்ரல் 1951

தம்பிக்கு,

உன் கடிதத்தை மச்சானுக்குச் சத்தமாகப் படித்துக் காட்டினேன். முதலில் நான் தனியாகப் படித்துப் பார்த்திருக்க வேண்டும். பாதியிலேயே எழுந்து சட்டையை மாட்டிக்கொண்டு போய்விட்டார். திரும்பி வந்ததும் சொன்னார்: “திருடன்னு எழுதியிருந்தா, இல்லன்னு சண்ட போடலாம் ஜெரினா. மந்தம்னு எழுதிட்டுப் போயிட்டா இன்னா சண்ட போடறது?”

மறுநாளே பேசின் பிரிட்ஜில் ஒரு கரிக்கிடங்கில் கூடை தூக்கப் போய்விட்டார். பேனா பிடித்த கை. நான் தடுக்கவில்லை. வீட்டில் அந்தக் காகிதத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பதைவிட அது மேல் என்று பட்டது. நானும் தையல் மெஷினைவிட்டு எழுந்திருப்பதில்லை. தெருவில் அவருக்கு ‘சாக்கு பாய்’ என்று பெயர் வைத்துவிட்டார்கள். குழாயடியில் ஒருத்தி அப்படிச் சொன்னபோது பக்கத்து வீட்டுக் காத்தூன் பீவி குடத்தைக் கீழே வைத்துவிட்டு, “இன்னொரு தபா சொல்லு, பாக்கறேன்” என்றாள். அதற்கப்புறம் என் காதில் விழும்படி யாரும் சொல்வதில்லை.

உன்மேல் கோபமில்லை. நீ இனிப்பாக ஏதாவது எழுதியிருந்தால் அவர் நம்பியிருப்பார். ஆனால் எனக்கு அது பொய் என்று தெரிந்துபோயிருக்கும். மறைக்காமல் எழுதினாயே, அதற்கு நான் கடமைப்பட்டிருக்கிறேன். உன்னை எழுதவைத்தவளுக்கும்தான்.

அந்தத் தொட்டில் பிள்ளை விஷயத்தைப் படித்ததும் கடிதத்தைக் கீழே வைத்துவிட்டேன். எங்கள் மகள் சாபிராவை அடக்கம் பண்ண எடுத்துக்கொண்டு போன அன்று பெண்களெல்லாம் என்ன சொல்லி அழுதார்கள் என்று உனக்கும் ஞாபகம் இருக்கும். ஒரு பாவமும் அறியாத புள்ளை என்றுதான். பெற்றவர் வாயில் அந்த நேரத்தில் வேறு என்ன வரும்? எலன் கேட்டது நியாயமான கேள்வி.

இதோடு விட்டுவிடு என்று எழுதத்தான் உட்கார்ந்தேன். மச்சானும் அப்படித்தான் சொன்னார். ஆனால் துரையின் ஊர் எது என்று நீ கேட்டதைச் சொன்னதும் கொஞ்சம் யோசித்துவிட்டு ஊர் பெயரைச் சொன்னார். ஹாரோபர்ன். ஸ்காட்லாந்து எல்லையை ஒட்டி, இங்கிலாந்துப் பக்கம். எப்படித் தெரியும் என்கிறாயா? துரை கப்பலேற்றிய மரப்பெட்டிகளுக்கெல்லாம் பெயின்டால் விலாசம் எழுதிக் கொடுத்தவர் இவர்தான். விசாரணை நடந்துகொண்டிருந்தபோதே எழுதினார். கிடங்கில் இவர் கையெழுத்துதான் நன்றாக இருக்கும்.

உன்னால் முடிந்தால் பார். முடியாவிட்டால் வருத்தமில்லை.

அக்கா

•

சவுத் ஷீல்ட்ஸ்
17 ஜூன் 1951

அன்புள்ள அக்காவுக்கும் மச்சானுக்கும்,

முதலில் மச்சானிடம் சொல்: அந்த வார்த்தை நல்ல வார்த்தை. இதை அவரிடம் சொல்லிவிட்டு அப்புறம் மீதியைப் படி. நானும் எலனும் போய் ஹெட்லி துரையைப் பார்த்துவிட்டு வந்தோம்.

எனக்குத் தைரியம் இல்லை. நான் கொதிகலன் பழுதுபார்க்கிற கூலி, அவர் மேனேஜராக இருந்த துரை. கடிதம் போடலாம் என்றேன். ஒரு வார்த்தையை எழுதிவிட்டுப் போய்த்தானே இவ்வளவும் வந்தது, இன்னும் எழுதிக்கொண்டிருக்க வேண்டாம், நேரில் கேட்போம் என்று எலன் சொல்லிவிட்டாள். ஞாயிற்றுக்கிழமை இரண்டு பஸ் மாறிப் போனோம். மலையும் கல்சுவரும் ஆடுகளும்தான். ஊருக்குள் நுழைந்தால் என்னைப் பார்க்க ஜன்னல் திரைகள் விலகுகின்றன. அவள் என் கையைப் பிடித்துக்கொண்டு நடந்தாள்.

துரை தோட்டத்தில் வெங்காயப் பாத்தியில் நின்றுகொண்டிருந்தார். எலன் வெளிக்கதவைத் திறக்கக்கூட இல்லை, வெளியே நின்றபடியே பொரிந்து தள்ளிவிட்டாள். என் வீட்டுக்காரரின் அக்கா புருஷனை மந்தம் என்று எழுதிவிட்டு வந்து இங்கே வெங்காயம் பயிரிடுகிறீர்களா என்று கேட்டாள். அவருக்கு முகம் சிவந்துவிட்டது. நீ யார், யார் வீட்டு வாசலில் வந்து கத்துகிறாய் என்று அவரும் மலைப்பேச்சில் திருப்பிக் கொடுத்தார். நான் நடுவில் புகுந்து, தட்டுத்தடுமாறி இங்கிலீஷில் மெட்ராஸ் என்றும் ரஹீம் என்றும் சொன்னேன்.

அவர் மண்வெட்டியைக் கீழே போட்டார். என்னைப் பார்த்து, “இன்னாப்பா, நீ மெட்ராஸா? எந்த எடம்?” என்றார்.

அக்கா, தமிழில் கேட்டார். நம் தமிழில். நான் இந்த நாட்டுக்கு வந்து வருஷக்கணக்காகிறது, ஒரு வெள்ளைக்காரன் வாயிலிருந்து அப்படி ஒரு பேச்சைக் கேட்பேன் என்று நினைத்ததில்லை. “ராயபுரம்” என்றேன்.

“ராயபுரம்னா? கல்மண்டபம் பக்கமா, ஸ்டேஷன் பக்கமா?”

கண்ணைத் துடைத்துக்கொண்டேன். எலன் பதறிப்போய், என்ன சொன்னார், ஏன் அழுகிறாய் என்று என்னைக் கேட்டாள்.

மச்சானை நீக்கியது அவருக்குத் தெரியவே தெரியாது. “ரஹீம வேலய உட்டுத் தூக்கிட்டாங்களா?” என்று இரண்டு தடவை கேட்டார். அப்புறம் வாசற்படியிலேயே உட்கார்ந்துவிட்டார்.

பிறகு விஷயத்தைச் சொன்னார். சர்க்கரை இறங்கிய அன்று மச்சான் பக்கத்தில் நின்று அவரும் எண்ணியிருக்கிறார். அந்த மூட்டைகள் கப்பலிலிருந்து இறங்கவே இல்லை. அதைப் பற்றிக் கப்பல் கம்பெனிக்குத் தனியாக விவரமாக எழுதிவிட்டாராம். மச்சான் ஃபைலில் முடிவை மட்டும் எழுதினால் போதும் என்று நினைத்திருக்கிறார்.

“சாக்குமில்ல மூட்டையுமில்லப்பா. ரொம்பப் பழைய காலத்துல இங்க கோர்ட்டுல இருந்த வார்த்தை அது. சாக்னா வழக்கு, பிராது. லெஸ்னா இல்லாதது. இந்த மனுசன் மேல பிராதே கெடையாதுன்னுதான் எழுதினேன். இந்த மலையில ஒருத்தர ஒருத்தர் வெட்டிகினு இருந்த காலத்துல, குத்தம் பண்ணாதவன் செத்துப்போனா அந்த வார்த்தையத்தான் சொல்லுவாங்க.”

இதை எலனுக்கு இங்கிலீஷிலும் சொன்னார். அவள் சும்மா விடவில்லை. அப்படியானால் என் அம்மா இவரைத் திட்ட ஏன் அதைச் சொல்கிறாள் என்று கேட்டாள். துரை தலையைச் சொறிந்தார். பிறகு என் பக்கம் திரும்பினார்.

“மெட்ராஸ்ல அப்பாவின்னு ஒரு வார்த்தை கீதில்ல? கோர்ட்டுல அப்பாவின்னா இன்னா? குத்தம் பண்ணாதவன். அதையே தெருவுல சொன்னா? ஏமாந்த சோணகிரி. ஒண்ணும் தெரியாதவன், அப்புறம் ஒண்ணுத்துக்கும் ஒதவாதவன். வார்த்தை அப்டியே எறங்கிகினே போவும். இங்கயும் அதான் நடந்துச்சு. மலையில இன்னும் மொத அர்த்தம் கீது, கீழ ஆத்தங்கரையில ரெண்டாவதுதான் கீது.”

அதை நான் எலனுக்குச் சொன்னதும் அவள் அப்பாவை நினைத்துக்கொண்டாள் போலிருக்கிறது, தலையை மட்டும் ஆட்டினாள்.

எல்லாருக்கும் புரிகிற மாதிரி எழுதியிருக்கலாமே என்று நானே கேட்டுவிட்டேன். எங்கிருந்து அந்தத் தைரியம் வந்ததோ தெரியவில்லை. அவர் கோபித்துக்கொள்ளவில்லை. “ஆபீஸ் இங்கிலீஷ்லயே வாழ்க்க போச்சு. அன்னிக்குக் கப்பல் ஏறணும். மனசு பாதி இங்க வந்து சேந்துடுச்சு. பேனாவ எடுத்தா எங்கம்மா பேசற வார்த்தை வந்து நின்னுச்சு. எழுதிட்டேன். அது ஒருத்தன் சோத்துல மண்ணப் போடும்னு தோணலப்பா.”

நாளைக்கே கம்பெனிக்கு எழுதுகிறேன் என்றார். எலன் உள்ளே போய்க் காகிதமும் பேனாவும் தேடி எடுத்துக்கொண்டு வந்து அவர் மடியில் வைத்தாள். நாங்கள் பார்க்க எழுதி முடித்தார். யாருக்கும் அகராதி தேவைப்படாத வார்த்தைகளாக எழுதச் சொல்லி, ஒவ்வொரு வரியையும் அவள் படித்துப் பார்த்தாள். தபாலில் போட்டதும் அவள்தான்.

கிளம்பும்போது துரை ஒரு கட்டு வெங்காயம் கொடுத்தார். “ரஹீம் கையெழுத்து என் பொட்டி மேல இன்னும் அப்டியே கீது. அவன்கிட்ட மன்னிப்பு கேட்டேன்னு சொல்லு” என்றார்.

கேட்டுவிட்டார், மச்சான். சொல்லிவிட்டேன்.

உங்கள் அன்புத் தம்பி
அலி அக்பர்

•

ராயபுரம்
22 செப்டம்பர் 1951

என் அன்புத் தம்பி அலி அக்பருக்கும் எலனுக்கும்,

பதில் எழுதத் தாமதமாகிவிட்டது. முடிவு தெரிந்த பிறகு எழுதலாம் என்று இருந்தேன்.

உன் கடிதம் வந்த அன்று மச்சான் கரிக்கிடங்கிலிருந்து வந்து கை கால் கழுவிக்கொண்டிருந்தார். நீ சொன்ன மாதிரியே முதலில் அந்த ஒரு வரியைச் சொன்னேன். குவளையைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றார். மீதியைப் படிக்கப் படிக்க ‘அப்பாவி’ என்கிற இடம் வந்ததும் சிரித்தார். எத்தனை மாதத்துக்கு அப்புறம் அவர் சிரிப்பைக் கேட்கிறேன். துரை மன்னிப்புக் கேட்ட இடத்தை மட்டும் படிக்க வேண்டாம் என்று கை காட்டினார். அன்றைய தொழுகையில் துரைக்காகத் துவா கேட்டார். இப்போதும் கேட்கிறார்.

ஆகஸ்டில் கம்பெனியிலிருந்து கூப்பிட்டு அனுப்பினார்கள். துரையின் கடிதம் வந்து சேர்ந்திருந்தது. கப்பல் கம்பெனிக்கு அவர் எழுதியதையும் தேடி எடுத்துவிட்டார்கள். புது மேனேஜர் எழுந்து நின்று, தவறாகப் புரிந்துகொண்டுவிட்டோம், மறுபடியும் வேலைக்கு வாருங்கள் என்றாராம். மரியாதையாகத்தான் பேசியிருக்கிறார். உன் மச்சான் சொன்ன பதிலை அப்படியே எழுதுகிறேன்:

“ரொம்ப நன்றி சார். வேலைக்கு வரேன். ஆனா என்னெ நீக்கினத கிடங்கு வாசல்ல எல்லார் எதிர்லயும் படிச்சீங்க. இதையும் அங்கயே படிச்சிருங்க.”

மேனேஜர் ஒத்துக்கொண்டார். மூட்டைக்காரர்கள் எல்லாரும் கூடி நின்றார்கள். இங்கிலீஷில் படித்தது யாருக்கும் புரியவில்லை. கூலி மேஸ்திரி பொன்னுரங்கம்தான் மச்சானிடம் கேட்டுக்கொண்டு எல்லாருக்கும் உரக்கச் சொன்னாராம்: “கேட்டுக்கோங்கப்பா. ரஹீம் பாய் மேல பிராதே கெடையாது. மூட்டை கப்பல்லேர்ந்தே எறங்கல. தொரை எழுதினது சாக்கும் இல்ல போக்கும் இல்ல. அப்பாவின்னு எழுதிகீறாரு.”

கூட்டத்தில் ஒருவர் கேட்டிருக்கிறார், “எந்த அப்பாவி மேஸ்திரி? குத்தம் பண்ணாததா, வெவரம் இல்லாததா?”

பொன்னுரங்கம் மச்சானைத் திரும்பிப் பார்த்தாராம். மச்சானே சொன்னாராம்: “தொரை எழுதினது மொதல் அப்பாவி. ரெண்டாவது, வூட்ல அப்பப்போ சொல்லிகினு கீறாங்க.” எல்லாரும் சிரித்துவிட்டார்கள். ஃபைலில் துரை எழுதிய வரியை அடிக்க வேண்டாம், அதற்குக் கீழே அர்த்தத்தை மட்டும் எழுதி வையுங்கள் என்று இவரே கேட்டுக்கொண்டாராம். வீட்டுக்கு வந்து இதையெல்லாம் சொல்லிவிட்டு, நான் கோபித்துக்கொள்வேனோ என்று ஓரக்கண்ணால் பார்த்தார். எனக்கு அழுகைதான் வந்தது.

இப்போது எலனுக்கு. எனக்கு இங்கிலீஷ் வராது. தம்பி, நீ ஒரு வார்த்தை விடாமல் படித்துச் சொல்.

எலன், நீ என் முகத்தைக்கூடப் பார்த்ததில்லை. உன்னை ஏற்றுக்கொள்ளாமல் கடிதத்தை நிறுத்தினவள் நான் என்றும் உனக்குத் தெரியும். அப்படியிருந்தும் என் வீட்டுக்காரருக்காக யாரோ ஒரு துரையின் வாசலில் போய் நின்று கேட்டாய். உன் அப்பா அழுததை நீ மறக்காமல் வைத்திருந்ததால்தான் எங்களுக்கு விடிந்தது. என் மகள் சாபிரா நாலு வயசில் போய்விட்டாள். உன் தம்பிக்காகவும் அவளுக்காகவும் சேர்த்துத்தான் நான் துவா கேட்கிறேன். உன் அம்மாவுக்கு என் சலாம் சொல். கரிக்கூடையை இவன் இங்கேயும் கவிழ்த்திருக்கிறான், அவர்கள் மனசில் வைத்துக்கொள்ள வேண்டாம்.

நீங்கள் இருவரும் ஒரு தடவை வந்துபோக வேண்டும். எப்போது என்று நீங்களே முடிவு பண்ணுங்கள். மாடி அறைக்குச் சுண்ணாம்பு அடித்தாகிவிட்டது. எலனுக்கு ஒரு ரவிக்கை தைக்கலாம் என்று துணி எடுத்து வைத்திருக்கிறேன், அளவு அனுப்பு.

போன வாரம் ஹஜ்ஜுப் பெருநாள். பிரியாணி ஆக்கித் தட்டில் மூடி காத்தூன் பீவி வீட்டுக்குக் கொண்டுபோனேன். வேலை திரும்பக் கிடைத்ததைப் பற்றித்தான் அங்கே பேச்சு. “தொரைகிட்ட போயி யாரு பேசினது? ஒன் தம்பியா?” என்று கேட்டாள்.

“இல்ல,” என்றேன். “என் தம்பி பொஞ்சாதி.”

அதுவரைக்கும் அப்படி நான் சொன்னதில்லை. தட்டை அவளிடம் கொடுத்துவிட்டு வந்தேன். பெருநாள் சாப்பாடு அன்றைக்கு நன்றாக இறங்கியது.

உங்கள் அக்கா
ஜெரினா